ரொட்டியைத் தின்றவனுக்கு ரொட்டி சொந்தமா?

இங்கிலாந்தின் கேன்டர்பரி நகரம், 1224 இலையுதிர்காலம். ஒரு பள்ளிக்கூடத்துக்கு அடியில் சின்ன அறை. அதில் ஐந்து பேர் பகல் முழுக்க அடைந்து கிடக்கிறார்கள். சாயங்காலம் பிள்ளைகள் வீட்டுக்குப் போனதும் மேலே வந்து, அவர்கள் உட்கார்ந்திருந்த இடத்தில் நெருப்பு மூட்டிக் குளிர் காய்கிறார்கள். ஒரு சிறு பானையில் பீர் வண்டல். பீரை இறுத்த பிறகு அடியில் தங்குமே, அந்தக் கசடு. அதைச் சூடாக்கி, ஒரே கிண்ணத்தில் மொண்டு, ஒருவர் மாற்றி ஒருவர் குடிக்கிறார்கள். கிண்ணம் கைக்கு வந்தவர் ஒரு நல்ல வார்த்தை சொல்லிவிட்டுத்தான் குடிக்க வேண்டும். சில நாள் அந்த வண்டல் தொண்டையில் இறங்காத அளவுக்குக் கெட்டியாக இருக்குமாம். அப்போது பச்சைத் தண்ணீரை ஊற்றிக் கலக்கி, சந்தோஷமாகவே குடித்தார்களாம். கூட இருந்து குடித்த ஒருவர் சொன்னதாக, தாமஸ் ஆஃப் எக்கிள்ஸ்டன் என்ற சகோதரர் சில பத்தாண்டுகள் கழித்து எழுதி வைத்திருக்கிறார்.

இவர்கள் இத்தாலியின் அசிசி ஊர்ப் புனிதர் பிரான்சிஸ் தொடங்கிய துறவற சபையின் ஆட்கள். அந்த வருடம் செப்டம்பர் 10ஆம் தேதி டோவர் துறைமுகத்தில் ஒன்பது பேராக வந்து இறங்கினார்கள். கப்பல் கூலி கொடுக்க அவர்களிடம் காசு இல்லை. காசைத் தொடுவதே அவர்கள் சட்டப்படி கூடாது. பிரான்ஸின் ஃபெக்காம் மடத்துத் துறவிகள்தான் அவர்களை இக்கரை சேர்த்தார்கள். தலைவர் பீசா நகரத்து அக்னெல்லஸ். ஒன்பது பேரில் ஆங்கிலேயர்களும் உண்டு. அதில் ஒருவர் பெயர் ரிச்சர்ட் ஆஃப் இங்வொர்த். இந்தப் பெயரைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

எனக்கு இந்த ஆட்கள் மேல் பிடிப்பு வந்ததற்குக் காரணம் எங்கள் ஆச்சி. தூத்துக்குடிப் பக்கம் எங்கள் ஊரில் அவள் 'மூன்றாம் சபை'க்காரி. அதாவது பிரான்சிஸின் வழியைக் குடும்பத்தில் இருந்துகொண்டே கடைப்பிடிக்கிறவர்கள். மாதம் ஒரு நாள் கோயிலில் கூட்டம், தினம் இத்தனை பரலோக மந்திரம், அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது. அவள் இறந்தபோது குளிப்பாட்டிய பெண்கள் சேலைக்குள் இடுப்பில் ஒரு கயிறு கட்டியிருப்பதைப் பார்த்தார்கள். ஒரு காலத்தில் வெள்ளையாக இருந்திருக்க வேண்டும், அப்போது தேயிலைத் தண்ணீர் நிறம். மூன்று முடிச்சு. ஏழ்மை, கற்பு, கீழ்ப்படிதல் என்று அம்மா சொன்னாள்.

அந்தக் கயிற்றைப் பார்த்த பிறகுதான் அவள் செய்த பல காரியங்களுக்கு எனக்கு அர்த்தம் புரிந்தது. வீட்டை மகன்கள் பேருக்கு எழுதிக் கொடுத்துவிட்டு, அதே வீட்டில் பின்கட்டு அறையில் இருந்தாள். கொல்லையில் ஓர் எலுமிச்சை மரம், அவளே நட்டது. பத்திரம் முடிந்த நாளிலிருந்து காய் பறிக்கும்போதெல்லாம் அம்மாவிடம் கேட்பாள்: "ஏம்மா, ஒரு எலுமிச்சங்காய் பறிச்சுக்கிடட்டா?" அம்மாவுக்கு வருத்தமாக இருக்கும். "நீங்க வச்ச மரந்தானே அத்தை, எங்கிட்ட எதுக்குக் கேக்கிய?" ஆச்சி சிரித்துக்கொண்டே, பதில் வரும்வரை மரத்தடியிலேயே நிற்பாள்.

சொந்தமில்லாத பொருளை அனுபவிப்பது. 13ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவையே உலுக்கிய கேள்வி அது.

முதலில் ஒரு வித்தியாசத்தைச் சொல்லிவிடுகிறேன். பழைய மடங்களின் துறவிகளுக்கும் இவர்களுக்கும் பெரிய தூரம். பெனடிக்ட் சபைத் துறவி ஒரு மடத்தில் சேர்ந்தால் சாகும்வரை அங்கேதான். தனி ஆளாக அவருக்கு ஒன்றும் கிடையாது. ஆனால் மடத்துக்கு நிலம் உண்டு, குத்தகை உண்டு, ஆலை உண்டு. நம் ஆதீனங்களை நினைத்துக்கொண்டால் சரியாக இருக்கும். ஆங்கிலத்தில் ஃப்ரையர் என்று அழைக்கப்படும் இந்தப் புதிய ஆட்களோ ஊர் ஊராகப் போகிறவர்கள், நகரத்துக்குள் குடியிருக்கிறவர்கள், உழைத்தோ இரந்தோ அன்றன்றைக்குச் சாப்பிடுகிறவர்கள். லத்தீனில் சகோதரன் என்பதற்கான சொல்தான் அப்படித் திரிந்தது. தனி ஆளுக்கும் சொத்து கிடையாது, சபைக்கும் கிடையாது. பிரான்சிஸ் கேட்டது இந்த இரண்டாவதை. அதற்கு முன் அவ்வளவு தூரம் போய்க் கேட்டவர்கள் குறைவு.

அவர் ஜவுளி வியாபாரி மகன். 1206இல் அசிசியின் ஆயர் முன்னால், அப்பா பியெத்ரோ பெர்னார்தோனே பார்த்துக்கொண்டிருக்க, உடுத்தியிருந்த துணியைக் களைந்து காசோடு சேர்த்து அவர் காலடியில் வைத்தார். ஆயர் தம் மேலங்கியால் அவரை மூடினார். இதை நாடகத்தனம் என்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. துணியை வைத்துத்தான் அந்தக் குடும்பமே நின்றது. தன் உடம்பில் அப்பாவின் கடையிலிருந்து வந்த கடைசி நூல்வரை திருப்பிக் கொடுத்தால்தான் கணக்குத் தீரும் என்று அந்தப் பிள்ளைக்குப் பட்டிருக்கிறது.

1223 நவம்பரில் போப் மூன்றாம் ஹொனோரியுஸ் உறுதிசெய்த அவர்களுடைய சட்டம் சின்னது, சில பக்கம்தான் வரும். ஓர் அங்கி, முக்காட்டோடு, வேண்டுமானால் முக்காடில்லாமல் இன்னொன்று, இடுப்பில் கயிறு. கிழிந்தால் கோணித்துணியில் ஒட்டுப் போட்டுக்கொள்ளலாம். வேலை செய்தால் கூலியாக உடம்புக்குத் தேவையானதை வாங்கிக்கொள்ளலாம், காசு கூடாது. அதற்கு முந்தைய வரைவு இன்னும் கடுமையானது: காசைக் கல்லைவிட மேலாக மதிக்காதே என்கிறது.

இதே சமயத்தில்தான் சாமிநாதர் சபையும் வளர்ந்தது. தோமினிக் என்ற பெயரை நம் முன்னோர்கள் அழகாகச் சாமிநாதர் என்று தமிழாக்கி வைத்திருக்கிறார்கள். 1216இல் அங்கீகாரம் பெற்ற அந்தச் சபை படிப்பையும் பிரசங்கத்தையும் பிடித்துக்கொண்டது. பெரிய இறையியலாளர் தாமஸ் அக்குவினாஸ் அங்கிருந்து வந்தவர். கார்மேல் சபை, அகுஸ்தீன் சபை இரண்டையும் சேர்த்தால் நாலு பெரிய யாசக சபைகள். அவர்களை நான் இங்கே விட்டுவிடுகிறேன். என் மனசு அந்தப் பீர்ப் பானைக்காரர்களிடம்தான் நிற்கிறது.

ஏன் இவர்களை மக்கள் அப்படி விழுந்து விழுந்து வரவேற்றார்கள்? நகரங்கள் பெருத்துக்கொண்டிருந்த காலம் அது. பழைய பங்குகள், அதாவது ஒரு சாமியாரின் பொறுப்பில் இருக்கும் கோயில் வட்டாரங்கள், கிராமத்துக்காக ஏற்பட்டவை. 1215இல் நாலாம் லாத்தரன் சங்கம் என்ற திருச்சபைப் பொதுக்கூட்டம், ஒவ்வொரு கிறிஸ்தவனும் வருடத்துக்கு ஒரு முறையாவது பாவசங்கீர்த்தனம் செய்தாக வேண்டும், அதாவது தன் பாவங்களைச் சாமியாரிடம் சொல்லி மன்னிப்புப் பெற வேண்டும் என்று சட்டம் போட்டது. தன் ஆட்டையும் மாட்டையும் அறிந்த உள்ளூர்ச் சாமியாரிடம் போய் மனசைத் திறப்பது லேசான காரியமா? வெறுங்காலோடு வந்து, தெருமுனையில் நின்று, ஜனங்கள் பேசும் மொழியில் பிரசங்கம் செய்கிற ஓர் அந்நியனிடம் சொல்வது எளிது. அவனுக்கு உன்னிடம் வாங்க வேண்டிய வரி பாக்கி எதுவும் கிடையாது.

சரி, வந்தவர்களுக்குப் படுக்க இடம் வேண்டுமே. ஒன்பது பேரில் நாலு பேர் லண்டன் போனார்கள். கார்ன்ஹில்லில் ஒரு வீட்டை வாடகைக்குப் பிடித்து, தடுப்புகள் வைத்து, இடுக்குகளில் காய்ந்த புல்லைத் திணித்துக் குளிரை அடைத்தார்கள். அடுத்த வருடமே ஜான் ஐவின் என்ற துணி வியாபாரி நியூகேட் பக்கத்தில் நிலம் கொடுக்க முன்வந்தார். சகோதரர்களோ நிலத்தை வாங்கிக்கொள்ள முடியாது. அவர் என்ன செய்தார் என்றால், லண்டன் நகர மக்களின் பேரில் நிலத்தை எழுதிவைத்து, சகோதரர்கள் அதை உபயோகித்துக்கொள்ளலாம் என்று ஏற்பாடு செய்தார். பின்னால் அவரே சபையில் சேர்ந்துவிட்டார்.

ஒருவர் பேரில் சொத்து, இன்னொருவருக்கு அனுபவம். இங்கிலாந்துச் சட்டத்தில் இதை 'யூஸ்' என்றார்கள். நாம் இன்று பள்ளிக்கூடத்துக்கும் கோயிலுக்கும் வைத்திருக்கிற டிரஸ்ட் என்ற முறை அதிலிருந்து வளர்ந்தது. அது ஒரு வேரிலிருந்து மட்டும் முளைத்ததல்ல. ஆனாலும் ஆரம்பகாலத்தில் அதற்கு உரம் போட்டவர்களில் இந்தப் பரதேசிகளும் உண்டு என்பதை முதன்முதலில் படித்தபோது, புத்தகத்தை மூடி வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா இருந்தேன். ஆச்சியின் பத்திரமும் எலுமிச்சை மரமும் கண்ணுக்குள் வந்து நின்றன.

எக்கிள்ஸ்டன் சொல்லும் இன்னொரு சம்பவம் எனக்கு இதைவிடப் பிடிக்கும். ஷ்ரூஸ்பரி ஊரில் லாரன்ஸ் காக்ஸ் என்ற நகரவாசி சகோதரர்களுக்கு வீடு கட்டிக் கொடுத்தார். படுக்கும் கூடத்துக்குக் கல் சுவர். மேலதிகாரியான சகோதரர் வில்லியம் வந்து பார்த்தார். கல் சுவர் நமக்கு ஆகாது என்றார். லாரன்ஸ் முகம் சுளிக்கவில்லை. தான் செலவழித்துக் கட்டிய கல் சுவரைத் தானே செலவழித்து இடித்து, மண் சுவர் வைத்துக் கொடுத்தார். அந்தச் செலவும் லேசில்லை என்று குறிப்பு சொல்கிறது. கொடுக்கிறவனுக்கு எவ்வளவு ஆசை இருந்தால், கொடுத்ததைப் பிடுங்கிவிட்டுக் குறைவானதைக் கொடுக்கவும் காசு செலவழிப்பான்!

அந்த ஆசைதான் கடைசியில் அவர்களைத் தோற்கடித்தது என்று நான் நம்புகிறேன். பேராசை பிடித்த போலித் துறவிகள் என்று ஒரே வரியில் முடித்துவிடுபவர்கள் இந்தப் பக்கத்தைப் பார்ப்பதே இல்லை. ஏழையாக இருப்பவனைப் பார்த்தால் ஜனங்களுக்குக் கொடுக்கத் தோன்றுகிறது. அவன் வாங்க மறுத்தால் இன்னும் அதிகமாகத் தோன்றுகிறது. 'உங்க பேர்ல வேண்டாம் சாமி, எங்க பேர்லயே இருக்கட்டும், நீங்க இருந்துக்கிடுங்க' என்று சொல்லுகிற அன்புக்கு எதிராக எந்தச் சட்டம் நிற்கும்? லண்டனில் புல் திணித்த அறையில் தொடங்கியவர்களுக்கு நூறு வருடத்துக்குள் 300 அடி நீளத்தில் ஒரு பெரிய கோயில் எழத் தொடங்கியது. அரசி மார்கரெட் பணம் கொடுத்தார். அங்கேயே அடக்கமும் ஆனார். பின்னால் அரசி இசபெல்லாவும் அங்கேதான். சாதாரண ஜனங்கள்கூட உயிலில், என்னைச் சகோதரர்களின் அங்கியில் அடக்கம் செய்யுங்கள், அவர்கள் கோயிலில் புதையுங்கள் என்று எழுதிவைத்தார்கள். இதனால் பங்குச் சாமியார்களுக்குச் சவ அடக்கக் காணிக்கை போயிற்று. அந்தச் சண்டை முற்றி, 1300இல் போப் எட்டாம் போனிபஸ், சகோதரர்கள் இந்த வரவில் நாலில் ஒரு பங்கைப் பங்குச் சாமியாருக்குக் கொடுத்துவிட வேண்டும் என்று தீர்த்துவைக்கப் பார்த்தார். சண்டை அத்தோடு ஓயவில்லை.

பிரான்சிஸுக்கு இது வரும் என்று தெரிந்திருக்கிறது. 1226இல் சாகும் முன் எழுதிய சாசனத்தில், நமக்கென்று கட்டித்தரும் கோயிலையோ வீட்டையோ அது ஏழ்மைக்குப் பொருந்தாவிட்டால் ஏற்காதீர்கள், எங்கே இருந்தாலும் விருந்தாளிபோல, வழிப்போக்கர்போல இருங்கள் என்றார். சட்டத்துக்கு உரை எழுதாதீர்கள் என்றும் கெஞ்சினார். நாலே வருடம். 1230இல் அவருடைய நண்பராக இருந்த போப் ஒன்பதாம் கிரகோரியே, அந்தச் சாசனம் சகோதரர்களைக் கட்டுப்படுத்தாது என்று அறிவித்தார். 1245இல் நாலாம் இன்னொசென்ட், சபை உபயோகிக்கும் பொருள்களின் சொந்தம் ரோமைச் சேர்ந்தது என்றார். கொடுத்தவர்கள் தங்களுக்கென்று வைத்துக்கொண்டவை மட்டும் விலக்கு. 1279இல் மூன்றாம் நிக்கொலாஸ் அதை இன்னும் விரிவாக உறுதிசெய்தார். ஆக, வீடும் புத்தகமும் தட்டிலிருக்கும் ரொட்டியும் போப்புக்குச் சொந்தம். சகோதரர்களுக்கு அனுபவம் மட்டும்.

இது ஒரு பக்கம் பார்த்தால் பாதுகாப்பு. இன்னொரு பக்கம் பார்த்தால் கதவைத் திறந்துவிட்ட மாதிரி. சொந்தமில்லை என்று சொல்லிக்கொண்டே களஞ்சியத்தில் தானியம் சேர்க்கலாம் அல்லவா? 'ஆன்மிகர்கள்' என்று பெயர் பெற்ற ஒரு பிரிவினர் இதை எதிர்த்தார்கள். குட்டை அங்கிதான் போடுவோம், களஞ்சியமும் நிலவறையும் வேண்டாம் என்றார்கள். போப் இருபத்திரண்டாம் ஜான், மேலதிகாரிக்குக் கீழ்ப்படி என்றார். மறுத்த நாலு சகோதரர்களை 1318 மே 7ஆம் தேதி மார்செய் நகரில் எரித்தார்கள். விசாரித்துத் தீர்ப்புச் சொன்னவரும் ஒரு பிரான்சிஸ்கன் சபைச் சகோதரர்தான். ஏழ்மை, கீழ்ப்படிதல் என்ற இரண்டு முடிச்சுகளும் ஒன்றையொன்று இழுத்து அறுத்துக்கொண்ட இடம் அது. அதைப் படிக்கும்போது என்னால் எந்தப் பக்கமும் சாய முடிவதில்லை.

ஜான் அதோடு நிற்கவில்லை. அவர் பெரிய சட்ட நிபுணர். 1322இல் அவர் எழுப்பிய கேள்விதான் இந்தக் கட்டுரைக்குத் தலைப்பு. வீட்டில் குடியிருக்கலாம், வீடு மிஞ்சும். சொந்தம் ஒருவருக்கு, அனுபவம் ஒருவருக்கு என்று பிரிக்கலாம். ரொட்டியைத் தின்றால் ரொட்டி எங்கே மிஞ்சுகிறது? தின்று தீர்க்கும் பொருளில் அனுபவத்தைச் சொந்தத்திலிருந்து எப்படிப் பிரிப்பது? ஒரு சகோதரர் சாப்பிடும் முட்டைக்கும் சீஸ் துண்டுக்கும் ரோமைத் திருச்சபை உடைமைக்காரர் என்றால் யார் நம்புவார்கள் என்று கேட்டார். அப்படிப்பட்ட பொருள்களின் சொந்தத்தைச் சபையின் தலையிலேயே திரும்ப வைத்தார். 1323இல் இன்னும் ஒரு படி மேலே போய், கிறிஸ்துவும் சீடர்களும் தனியாகவோ சேர்ந்தோ எதையும் உடைமையாக வைத்திருக்கவில்லை என்று சாதிப்பது பதிதம், அதாவது திருச்சபையின் விசுவாசத்துக்கு எதிரான கொள்கை என்று அறிவித்தார்.

சகோதரர்கள் பக்கத்து வாதத்தில் எனக்குப் பிடித்தது பெர்கமோ ஊர் பொனகிராத்தியா சொன்னது. குதிரை ஓட்ஸ் தின்கிறது. ஓட்ஸ் குதிரைக்குச் சொந்தமா? இல்லை. தின்பது நடக்கிற ஒரு செயல். உரிமை என்பது வேறு. நாங்கள் குதிரையைப் போல. இப்படி வாதாடியதற்குப் போப் அவரைச் சிறையில் வைத்தார். 1328 மே 26ஆம் தேதி ராத்திரி அவரும், சபைத் தலைவர் செசேனா மிக்கேலும், தத்துவத்தில் இன்றும் பேர் சொல்லப்படுகிற ஒக்காம் வில்லியமும், போப் அப்போது இருந்த பிரெஞ்சு நாட்டுப் பக்கத்து அவிஞ்ஞோன் நகரத்திலிருந்து தப்பி ஓடி, ஜெர்மானியப் பேரரசர் லுட்விக்கிடம் அடைக்கலம் புகுந்தார்கள். ஒக்காம் மியூனிக்கிலேயே காலத்தை முடித்தார்.

சட்டப்படி பார்த்தால் ஜானின் வாதம் பலமானது, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஆச்சி மரத்தடியில் நின்றதைப் பார்த்தவன் நான். பறித்துக்கொள்ள அவளுக்கு எந்தத் தடையும் இல்லை, யாரும் கேட்கப் போவதும் இல்லை. கேட்டு நிற்பதில்தான் அவளுக்கு நிம்மதி இருந்தது. அவள் கையிலிருந்த எலுமிச்சை அவளுடையதாக இல்லை. சாறு பிழிந்து குடித்த பிறகும் இல்லை. இதைச் சட்டமாக எழுத வராது. எழுதப் போனதுதான் அந்தப் பாவப்பட்ட சபையின் கஷ்டம் என்று நினைக்கிறேன். ஆச்சி சேர்ந்திருந்த மூன்றாம் சபைக்கு 1289இல் போப் நாலாம் நிக்கொலாஸ் சட்டம் வகுத்துக் கொடுத்தார். அவர்கள் வீடு வாசல் வைத்துக்கொள்ளலாம். ஒருவேளை அதனாலேயே அந்தப் பழைய ஆசை அங்கே சத்தமில்லாமல் பிழைத்துக் கிடந்ததோ என்னவோ.

இந்தச் சண்டைகளெல்லாம் வலுத்துக்கொண்டிருந்த அதே காலத்தில் ஒரு பிரான்சிஸ்கன் சகோதரர் நம் கடற்கரைக்கு வந்திருக்கிறார். மோந்தேகோர்வினோ ஜான். சீனாவுக்குப் போகும் வழியில், 1291 வாக்கில், புனித தோமையார் கோயிலில் 13 மாதம் தங்கினார். அங்கங்கே சுமார் நூறு பேருக்கு ஞானஸ்நானம் கொடுத்தார். கூட வந்தவர் பிஸ்தோயா நிக்கொலாஸ், சாமிநாதர் சபை. அவர் இங்கேயே இறந்து அந்தக் கோயிலிலேயே அடக்கமானார். 1305இல் பெய்ஜிங்கிலிருந்து ஜான் எழுதிய கடிதத்தில் இதெல்லாம் இருக்கிறது. மயிலாப்பூர் சாந்தோமுக்குப் போகும்போது, எங்கோ இத்தாலியில் பிறந்து இந்த மண்ணுக்குள் போன அந்த நிக்கொலாஸை நினைத்து ஒரு பரலோக மந்திரம் சொல்லிவிட்டு வருவது என் வழக்கம். அவருக்கென்று ஒரு கல்லும் கிடையாது.

அப்புறம் கொள்ளைநோய் வந்தது. மொன்பெலியே நகரத்துச் சாமிநாதர் மடத்தில் 140 பேரில் 7 பேர்தான் பிழைத்தார்கள் என்று லெஸ்டர் மடத்து வரலாற்றுக்காரர் ஒருவர் எழுதினார். எண்ணிக்கை அப்படியே சரியோ இல்லையோ, சாகக் கிடப்பவர்களுக்குப் பாவசங்கீர்த்தனம் கேட்கப் போனவர்கள் கொத்துக் கொத்தாகச் செத்தார்கள் என்பதில் சந்தேகமில்லை. அதற்குப் பிந்திய 150 வருடத்தில் சகோதரர்களைக் கேலி செய்வது ஒரு வழக்கமாகவே ஆகிவிட்டது: தின்னிகள், பெண்களைச் சுற்றுகிறவர்கள், காசுக்குப் பாவம் தீர்ப்பவர்கள். அப்படிப்பட்டவர்கள் இருந்திருப்பார்கள், இல்லை என்று நான் சொல்லமாட்டேன். 1517 நெருங்கும்போது பாவமன்னிப்புச் சீட்டு விற்ற டெட்செல் சாமிநாதர் சபை. அவரை எதிர்த்து, புரட்டஸ்தாந்து பிரிவினைக்கு வித்திட்ட லூத்தர், 1505இல் எர்ஃபுர்ட்டில் சேர்ந்த அகுஸ்தீன் சபைச் சகோதரர். இரண்டு பேருமே யாசகத் துறவிகள் என்பது பலருக்கும் படுவதில்லை.

இங்கிலாந்தில் முடிவு 1538இல் வந்தது. எட்டாம் ஹென்றியின் ஆட்கள் சகோதரர்களின் வீடுகளை ஒவ்வொன்றாக மூடினார்கள். அந்த வேலைக்கு முக்கியமாக நியமிக்கப்பட்டவர் சாமிநாதர் சபையின் முன்னாள் மாகாணத் தலைவர், அப்போது டோவரின் துணை ஆயர். பெயர் ரிச்சர்ட் இங்வொர்த். 1224இல் டோவரில் வந்து இறங்கினவர் பெயர். 314 வருடம் கழித்து, டோவரின் பட்டத்தோடு, கதவைப் பூட்ட வந்தவர் பெயர்.

300 வருடமாகப் பணக்காரர்கள் என்று பழிக்கப்பட்டவர்களின் வீட்டுக்குள் போய்ச் சாமான் பட்டியல் எடுத்தார்கள். கூரை ஈயம், மணி, சில பூசைப் பாத்திரங்கள். பல வீடுகளில் கடன். பூசைப் பாத்திரத்தையே அடகு வைத்திருந்தார்கள். நிலமுள்ள மடங்களின் துறவிகளுக்கு அந்த நில வருமானத்திலிருந்து ஆயுசுக்கும் பென்ஷன் கிடைத்தது. சகோதரர்களுக்கு நிலம் இல்லையே, அதனால் பொதுவாகப் பென்ஷனும் இல்லை. அங்கியைக் கழற்றிவிட்டு, கையில் சில ஷில்லிங்கோடு வெளியே போனார்கள்.

போகும் முன் ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார்கள். கொவென்ட்ரி, ஸ்டாம்ஃபோர்டு போன்ற ஊர்களில் பிரான்சிஸ்கன் சகோதரர்களுக்கு வாசகம் ஏற்கெனவே எழுதி வைத்திருந்தது. சாம்பல் நிற அங்கி போடுவதிலும், தலையை ஆட்டி வணங்குவதிலும், முடிச்சுகள் நிறைந்த கயிற்றை இடுப்பில் கட்டுவதிலும் கிறிஸ்தவ வாழ்வின் நிறைவு இல்லை என்று நாங்கள் உணர்ந்துகொண்டோம், ஆகவே மனமுவந்து ஒப்படைக்கிறோம் என்று அதில் இருந்தது.

ஆச்சியின் கயிற்றை எடுத்து வைத்துக்கொள்ளலாமா என்று நான் கேட்டேன். அம்மா விடவில்லை. சேலை மாற்றியதும், இருந்த மாதிரியே அவள் இடுப்பில் மறுபடி கட்டிவிட்டாள்.